2,400 சதுர மைல் ஜமீன்

சினிமாவுக்குப் போகும் நம்மவர்களிடம் ஒரு வழக்கம் உண்டு. திரையில் முதலில் ஓடும் பெயர் வரிசையை நாம் படிப்பதே கிடையாது. அந்த ஒன்றிரண்டு நிமிஷ நேரம் இருட்டில் ஆசனத்தைத் தேடுவதற்கும், அழும் குழந்தையைச் சமாதானப்படுத்துவதற்கும், முன் வரிசைக்காரரின் தலை ஏன் இவ்வளவு பெரியதாயிருக்கிறது என்று ஆச்சரியப்படுவதற்கும் சரியாய்ப் போய்விடுகிறது. நடிகர்களின் பெயர்கள் நமக்கு முன்னமே தெரிந்தவை. கதையை எழுதிய ஆசாமி யாராயிருந்தால் என்ன?

அமெரிக்கர்களும் இந்த விஷயத்தில் நமக்கு இளைத்தவர்கள் அல்ல. 1946-ம் வருஷத்தில் 'தி பிக் ஸ்லீப்' என்ற துப்பறியும் படம் அந்தத் தேசத்தில் வெளியாயிற்று. ஹம்ப்ரி போகார்ட்டையும் லாரன் பகாலையும் பார்ப்பதற்காக ஜனங்கள் திரண்டு போனார்கள். ஆரம்பத்தில் திரைக்கதை எழுதியவர்கள் என்று மூன்று பெயர்கள் வந்து மறைந்தன. அவற்றுள் ஒன்று வில்லியம் பாக்னர் என்பது. கொட்டகையில் இருந்தவர்களில் நூற்றில் ஒருவராவது அந்தப் பெயரைக் கவனித்திருப்பாரா என்பது சந்தேகந்தான். நாலு வருஷம் கழித்து, 1950 நவம்பர் மாதத்தில், 1949-ம் வருஷத்துக்குரிய இலக்கிய நோபல் பரிசு அந்த மனிதருக்கே என்று ஸ்வீடன் தேசத்திலிருந்து செய்தி வந்தது.

நோபல் பரிசுக்கு உரிய பேனா, கொலையும் துப்பாக்கியும் நிறைந்த சினிமாவுக்கு எதற்காக வசனம் எழுதிக்கொண்டிருந்தது? இந்தக் கேள்வியைப் பிடித்துக்கொண்டு போனால் சிரிப்பதற்குச் சில விஷயங்களும், பெருமூச்சு விடுவதற்குச் சில விஷயங்களும் அகப்படுகின்றன. இரண்டையும் நேயர்களுடன் பகிர்ந்துகொள்வதே இந்த வாரம் நமது நோக்கம்.

பாக்னர் பிறந்தது 1897-ம் வருஷம் செப்டம்பர் 25-ந் தேதி; அமெரிக்காவின் தென்பகுதியில் உள்ள மிஸிஸிப்பி ராஜ்யத்தில். வளர்ந்ததும் வாழ்ந்ததும் அங்கேயுள்ள ஆக்ஸ்போர்டு என்னும் சிற்றூரில். இங்கிலாந்தில் உள்ள புகழ் பெற்ற ஆக்ஸ்போர்டு வேறு. இது பருத்தி வயல்களுக்கும் காடுகளுக்கும் நடுவில் உள்ள ஊர். அவருடைய கொள்ளுப்பாட்டனார் உள்நாட்டு யுத்தத்தில் படைத் தலைவராக இருந்தவர். ரெயில் பாதை போட்டவர். நாவல் ஒன்று எழுதிப் புகழும் பெற்றவர். பையன் சிறு வயதிலேயே, தானும் கொள்ளுத் தாத்தாவைப்போல் எழுதப்போவதாகச் சொல்லிக்கொண்டிருந்தானாம்.

எழுதுவதற்கு முன் சாப்பிட வேண்டுமே! ஆகையால் உள்ளூர்ச் சர்வகலாசாலையின் தபாலாபீஸில் போஸ்ட்மாஸ்டர் உத்தியோகம் பார்த்தார். உலகத்திலுள்ள போஸ்ட்மாஸ்டர்களில் இவ்வளவு மோசமானவர் வேறொருவர் இருந்திருக்க முடியாது. பிறருக்கு வந்த பத்திரிகைகளை முதலில் தாம் படிப்பார். பிறகு சிநேகிதர்களுடன் சீட்டாடுவார். ஜன்னலுக்கு வெளியே ஜனங்கள் காத்துக்கொண்டிருப்பார்கள். 1924-ல் அந்த உத்தியோகத்தை விட்டார். இரண்டு காசுக்குத் தபால் தலை வாங்கும் ஒவ்வொரு போக்கிரியின் அழைப்புக்கும் ஆட்படத் தம்மால் முடியாது என்று அப்போது அவர் தெரிவித்ததாகப் பிரசித்தம். இதை நேயர்கள் ஞாபகத்தில் வைத்துக்கொள்ள வேண்டும். பிற்காலத்தில் இதே மனிதர் யார் யாருடைய அழைப்புக்கு ஆட்பட நேர்ந்தது என்பதுதான் நம் கதை.

1929-ல் 'தி சவுண்ட் அண்ட் தி ப்யூரி' என்ற நாவல் வெளிவந்தது. நொடித்துப்போன ஒரு தென்னாட்டுக் குடும்பத்தின் கதையை நாலு விதமாகச் சொல்லும் நூல் அது. முதற் பகுதியைச் சொல்லுகிறவன் புத்தி வளராத ஒரு மனிதன். அவனுக்கு நேற்றும் இன்றும் ஒன்றாகவே தோன்றும். இருபதாம் நூற்றாண்டின் மிகச் சிறந்த நாவல்களில் ஒன்றாக இலக்கிய ரஸிகர்கள் இதைக் கொண்டாடுகிறார்கள். ஆனால் முதற் பதிப்பு அச்சானது 1,789 பிரதிகள் மட்டுமே! அவைகளும் சீக்கிரத்தில் விற்றுவிடவில்லை.

அந்த வருஷமே அவருக்குக் கலியாணமும் ஆயிற்று. மனைவிக்கு முதல் விவாகத்தின் மூலம் இரண்டு குழந்தைகள் இருந்தார்கள். ஆகவே குடும்பம் நடத்துவதற்காகச் சர்வகலாசாலையின் மின்சார நிலையத்தில் இரா வேலைக்குப் போனார். நள்ளிரவுக்குப் பிறகு ஊர் தூங்கிவிடும்; மின்சாரத்தின் தேவை குறையும்; வேலையும் குறையும். அந்த நேரத்தில் கைவண்டி ஒன்றைக் கவிழ்த்து, அதையே மேஜையாக்கி எழுதியதாக அவர் பிற்பாடு சொல்லுவதுண்டு. கைவண்டி எவ்வளவு நிஜமோ நாம் அறியோம். ஆனால் 'ஆஸ் ஐ லே டையிங்' என்ற நாவலின் கையெழுத்துப் பிரதியில், 1929 அக்டோபர் 25-ல் ஆரம்பித்து டிசம்பர் 11-ல் முடித்ததாகத் தேதி போட்டிருக்கிறது. ஐம்பது நாள்கூட ஆகவில்லை!

1930-ல் அவர் ஒரு காரியம் செய்தார். உள்நாட்டு யுத்தத்துக்கு முன்பு கட்டிய பழைய வீடு ஒன்றை 6,000 டாலர் விலை பேசி, மாதத் தவணையில் வாங்கினார். வீட்டில் மின்சாரம் இல்லை, தண்ணீர்க் குழாய் இல்லை, கூரை ஒழுகிற்று. 'ரோவன் ஓக்' என்று அதற்குப் பெயர் சூட்டித் தம் கையாலேயே பழுது பார்த்தார். வீடு என்பது வெறும் சுவரும் கூரையும் அல்லவே! தவணை உண்டு, வரி உண்டு, மளிகைக் கடன் உண்டு. 1931-ல் 'சாங்ச்சுவரி' என்ற நாவல் பரபரப்பை உண்டாக்கி நன்றாக விற்பனையாயிற்று. ஒருவாறு கஷ்டம் தீர்ந்தது என்று அவர் எண்ணியிருக்கக்கூடிய சமயத்தில், அதன் பிரசுரகர்த்தர்கள் முறிந்துபோனார்கள். அவருக்கு வரவேண்டியிருந்த சுமார் 4,000 டாலரும் போயிற்று. அமெரிக்கா முழுவதும் வியாபார மந்தத்தினால் தவித்துக்கொண்டிருந்த காலம் அது.

இந்த நிலைமையில்தான் ஹாலிவுட்டிலிருந்து அழைப்பு வந்தது. மெட்ரோ-கோல்டுவின்-மேயர் கம்பெனியார், வாரம் 500 டாலர் வீதம் ஆறு வாரத்துக்கு ஒப்பந்தம் தருவதாகச் சொன்னார்கள். மாதா மாதம் வீட்டுத் தவணைக்கே திண்டாடும் மனிதருக்கு வாரத்தில் 500 டாலர்! 1932 மே மாதத்தில் பாக்னர் ரெயில் ஏறினார்.

முதல் நாள் நடந்ததை அந்தக் கம்பெனியின் கதை இலாகாத் தலைவர் பின்னாளில் சுவாரஸ்யமாகச் சொல்லியிருக்கிறார். வாலஸ் பீரி என்ற பெரிய நடிகருக்குக் கதை எழுத வேண்டும் என்று பாக்னரிடம் சொன்னாராம். "அவர் யார்?" என்று பாக்னர் கேட்டாராம். தாம் செய்திப் படங்களுக்கும் மிக்கி மௌஸ் படங்களுக்குமே எழுத விரும்புவதாகவும் தெரிவித்தாராம். மிக்கி மௌஸ் என்னும் எலி வேறொரு கம்பெனியின் சொத்து என்பதை அவருக்கு எடுத்துச் சொல்ல வேண்டியிருந்தது. பிறகு, மேற்படி நடிகரின் படம் ஒன்றைப் பார்க்கும்படி அவரைக் கொட்டகையில் உட்கார வைத்தார்கள். சற்று நேரத்தில் ஆளைக் காணோம். ஒரு வாரத்துக்கு மேலாகியே திரும்பி வந்தார். மரணப் பள்ளத்தாக்கு என்னும் பாலைவனத்தில் உலாவிக்கொண்டிருந்ததாகச் சமாதானம் சொன்னார்.

இப்படிப்பட்டவரை அந்த ஊரில் யார் வைத்துக்கொள்வார்கள்? வைத்துக்கொள்ள ஒருவர் இருந்தார். ஹோவர்டு ஹாக்ஸ் என்னும் டைரக்டர், பாக்னருடைய எழுத்தை முன்பே படித்து ரஸித்தவர். 'டர்ன் அபவுட்' என்ற சிறுகதையை வாங்கிப் படமெடுக்க முன்வந்தார். யுத்தத்தில் ஓர் அமெரிக்க விமானியும் ஓர் ஆங்கிலப் படகு வீரனும் ஒருவர் மற்றவருடைய அபாயத்தை நேரில் பார்த்து அறிந்துகொள்ளும் கதை. அதில் பெண் பாத்திரமே கிடையாது. பாக்னர் சில நாட்களிலேயே திரைக்கதை எழுதிக் கொடுத்துவிட்டார். எல்லாம் சரியாக இருந்தது. அப்போது முதலாளிகளுக்கு ஒரு ஞாபகம் வந்தது. ஜோன் கிராபோர்டு என்னும் நட்சத்திரத்துக்குக் கம்பெனி சம்பளம் கொடுத்துக்கொண்டிருக்கிறதே, அவர் சும்மாதானே இருக்கிறார்? உடனே கதையில் ஒரு கதாநாயகி பிறந்தாள். கதையில் பெண் யாரும் இருந்ததாகத் தமக்கு நினைவில்லையே என்று பாக்னர் சாந்தமாகச் சொன்னதாக ஹாக்ஸ் சொல்லுவார். ஆயினும் எழுதிக் கொடுத்தார். 1933-ல் 'டுடே வி லிவ்' என்ற பெயரில் படம் வெளிவந்தது.

இது வேடிக்கையாக இருக்கலாம். ஆனால் இதற்குள்ளேயே விஷயம் முழுவதும் அடங்கியிருக்கிறது. ஊழியர் எழுதுவதெல்லாம் கம்பெனியின் சொத்து என்பது ஸ்டூடியோ ஒப்பந்தங்களின் முதல் விதி. அதை மாற்றலாம், வெட்டலாம், இன்னும் நாலு பேரைக் கொண்டு திரும்ப எழுதச் சொல்லலாம், அலமாரியில் பூட்டியும் வைக்கலாம். எழுதியவர் கூலியை வாங்கிக்கொண்டு போகவேண்டியதுதான். தச்சன் கட்டிலைச் செய்து விற்ற பிறகு அதில் யார் படுக்கிறார்கள் என்று கேட்க முடியுமா?

ஹாலிவுட் பாக்னரை எப்படி மதித்தது என்பதற்கு ஹாக்ஸ் சொல்லும் இன்னொரு கதையும் உண்டு. ஹாக்ஸ், பாக்னர், பிரபல நடிகர் கிளார்க் கேபிள் மூவரும் வேட்டைக்குப் போனார்கள். வழியில் புத்தகங்களைப் பற்றிப் பேச்சு வந்தது. உயிரோடிருக்கும் எழுத்தாளர்களில் யார் யார் சிறந்தவர்கள் என்று கேபிள் கேட்டார். பாக்னர் சில பெயர்களைச் சொல்லி, கடைசியில் தம் பெயரையும் சேர்த்துச் சொன்னார். "ஓகோ! நீங்கள் எழுதுவதுண்டா?" என்றார் கேபிள். "ஆமாம். மிஸ்டர் கேபிள், தங்களுக்கு என்ன தொழில்?" என்றார் பாக்னர். ஹாக்ஸ் கதை சொல்வதில் சமர்த்தர். ஆகையால் இதற்கு நாம் உத்தரவாதம் ஏற்க முடியாது. ஆனால் பாக்னரின் சுபாவத்துக்குப் பொருத்தமாகத்தான் இருக்கிறது.

முதல் தடவை ஆறு வாரத்துக்கென்று போனவர், அதற்குப் பிறகு இருபது வருஷத்துக்கு மேல் ஹாலிவுட்டுக்கும் மிஸிஸிப்பிக்கும் போவதும் வருவதுமாக இருந்தார். காரணம் ரொம்பச் சாதாரணமானது. 1932 ஆகஸ்டில் தகப்பனார் காலமானார். தாயாரைக் காப்பாற்றும் பொறுப்பு மூத்த பிள்ளையின் மேல் வந்தது. 1933-ல் பெண் குழந்தை பிறந்தது. 1935 நவம்பரில் கடைசித் தம்பி ஆகாய விமானம் விழுந்து இறந்தான். அந்த விமானம் முதலில் பாக்னருடையது. தம்பிக்கு விமானம் ஓட்டும் ஆசையை உண்டாக்கியவரும் அவரே. தம்பியின் மனைவி அப்போது கர்ப்பவதி. அந்தக் குழந்தைக்கும் தாமே தகப்பனாராக இருப்பது என்று அவர் தீர்மானித்தார். குடும்பஸ்தர்களான நம் நேயர்களுக்கு இந்தக் கணக்கை விவரித்துச் சொல்ல வேண்டியதில்லை. ஒரு பேனா, அதன் நிழலில் மூன்று குடும்பங்கள். அந்தப் பேனா எழுதும் நாவல்களையோ யாரும் வாங்குவதில்லை.

தம்பி இறந்த அந்தச் சமயத்தில் அவர் கையில் பாதி முடிந்த நாவல் ஒன்று இருந்தது. அதையும் தூக்கிக்கொண்டு ஹாலிவுட்டுக்குப் போனார். பகலில் ஸ்டூடியோவுக்கு உழைத்துக்கொண்டே அதன் ஒரு பகுதியை அங்கே எழுதினார். 1936-ல் 'அப்ஸலோம், அப்ஸலோம்!' என்ற பெயரில் அது வெளிவந்தது. அடிமைகளின் உழைப்பால் பெரிய மாளிகையும் பண்ணையும் நிறுவிய ஒருவன், தன் இரத்தத்தில் பிறந்த மகனையே நிறத்தின் காரணமாக மகன் என்று ஒப்புக்கொள்ளாமல், அதனாலேயே வம்சத்தோடு அழியும் கதை. தென்னாட்டின் பெரும் பாவத்தை இவ்வளவு ஆழமாகத் தோண்டிக் காட்டிய நூல்கள் சிலவே.

அந்தப் புத்தகத்தின் கடைசியில் ஒரு படம் இருக்கிறது. பாக்னர் தம் கையாலேயே வரைந்தது. அவருடைய நாவல்கள் பலவும் நடக்கும் யோக்னபடாபா என்னும் கற்பனை ஜில்லாவின் படம். பெயரைக் கண்டு நேயர்கள் பயப்பட வேண்டாம்; அமெரிக்கர்களுக்கும் அந்த இடத்தில் நாக்குப் புரளத்தான் செய்யும். ஆறுகள், ரெயில் பாதை, கச்சேரிக் கட்டடம், யார் எங்கே செத்தார் என்ற விவரம், எல்லாம் அதில் உண்டு. விஸ்தீரணம் 2,400 சதுர மைல். ஜனத்தொகை: வெள்ளையர் 6,298, கறுப்பர் 9,313. இவ்வளவையும் குறித்துவிட்டு, இந்தப் பிரதேசம் முழுவதற்கும் ஏக சொந்தக்காரர் வில்லியம் பாக்னர் என்றும் எழுதியிருக்கிறார்!

வேடிக்கைக்காக எழுதியதாகத்தான் தோன்றும். நாம் அதை வெறும் வேடிக்கையாக எண்ணவில்லை. வாரச் சம்பளத்துக்கு எழுதிய ஒரு வரியும் அவருக்குச் சொந்தமில்லை. நிஜமான வீடோ கடனில் இருந்தது. ஆனால் இந்த 2,400 சதுர மைல் ஜமீன் இருக்கிறதே, இதில் ஒரு புல்லைக்கூட எந்த முதலாளியும் வெட்ட முடியாது. இங்கே கதாநாயகி வேண்டாமென்றால் வேண்டாந்தான். அந்த ஜமீனைக் காப்பாற்றுவதற்கு வரி கட்டவேண்டியிருந்தது. வரிப் பணம் ஹாலிவுட்டிலிருந்து வந்தது.

சில சமயம் அந்தப் பணம் நிஜ நிலமாகவே மாறியதுண்டு. 1938-ல் 'தி அன்வான்குவிஷ்டு' என்ற புத்தகத்தின் பட உரிமையை மெட்ரோ கம்பெனியார் 25,000 டாலருக்கு வாங்கினார்கள். படம் எடுக்கவே இல்லை. பாக்னர் அதைப்பற்றிக் கவலைப்படவும் இல்லை. வந்த பணத்தில் 320 ஏக்கர் பண்ணை ஒன்று வாங்கிவிட்டார். எடுக்காத படத்துக்கு விளைந்த நிலம் கிடைத்ததென்றால், அதைவிட லாபமான வியாபாரம் ஏது?

ஆனால் எப்போதும் லாபக் கணக்காகவே இருக்கவில்லை. 1942-ம் வருஷத்தில் அவருக்கு வயது நாற்பத்து நாலு. 'கோ டவுன், மோஸஸ்' என்ற அரிய நூல் அப்போது வெளிவந்தது. பாட்டனார் வழியில் வரும் நிலம் பிறரை அடிமைப்படுத்திச் சேர்த்தது என்று அறிந்து, அந்தச் சொத்தே வேண்டாமென்று துறக்கும் ஒரு வாலிபனின் கதை அதில் இருக்கிறது. தம்மை வளர்த்த கறுப்பின ஆயாவுக்கு அதை அவர் சமர்ப்பணம் செய்திருந்தார். புகழ் வந்ததே தவிரப் பணம் வரவில்லை. மளிகைக் கடைக்காரர் புகழை வரவு வைப்பதில்லை. கடன் கழுத்துக்கு வந்தது. வேறு வழியின்றி, வார்னர் பிரதர்ஸ் கம்பெனியில் வாரம் 300 டாலருக்கு ஏழு வருஷ ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டார். பத்து வருஷத்துக்கு முன்பு 500 டாலர் வாங்கியவர் இவர். அதே ஸ்டூடியோவில் 1,000 டாலருக்கு மேல் வாங்கிய எழுத்தாளர்கள் இருந்தார்கள்.

அங்கே அவருக்குக் கிடைத்த முதல் பெரிய வேலை, பிரெஞ்சுத் தளபதி டிகாலின் வரலாற்றைப் படமாக எழுதுவது. பக்கம் பக்கமாக எழுதினார். இதற்குள் ராஜதந்திரிகளின் மனம் மாறிவிட்டது; படம் கைவிடப்பட்டது. அந்தத் திரைக்கதை புத்தகமாக வெளிவந்தது 1984-ல். ஆசிரியர் காலமாகி அப்போது இருபத்திரண்டு வருஷம் ஆகியிருந்தது. இப்படி அவர் எழுதிக் குவித்துப் பலன் இல்லாமற் போனவை இன்னும் பல. வேறு பல படங்களில் அவர் கை பட்டிருந்தும் பெயர் வரவில்லை.

அந்தப் பாலைவனத்தில் இரண்டு பசுஞ்சோலைகள் உண்டு. இரண்டும் ஹாக்ஸ் எடுத்த படங்களே. 1944-ல் வந்த 'டு ஹாவ் அண்ட் ஹாவ் நாட்' ஹெமிங்வேயின் நாவலிலிருந்து எடுத்தது. கதை மூலம் ஹெமிங்வே. திரைக்கதையில் பாக்னரும் ஜூல்ஸ் பர்த்மன் என்பவரும். ஹெமிங்வேக்கும் 1954-ல் நோபல் பரிசு கிடைத்தது. இரண்டு நோபல் ஆசிரியர்களின் பெயரைத் தாங்கிய அந்தப் படத்தை ஜனங்கள் பார்த்ததோ, லாரன் பகால் என்ற புது நடிகைக்காகத்தான்!

மற்றது நாம் ஆரம்பத்தில் சொன்ன 'தி பிக் ஸ்லீப்'. ரேமண்ட் சாண்ட்லர் எழுதிய நாவல். பாக்னருடன் சேர்ந்து எழுதியவர் லீ பிராக்கெட் என்னும் இளம் எழுத்தாளர். அந்த அம்மையாரும் நாவலாசிரியர்தான். பாக்னர் அவரை வரவேற்று, இன்னின்ன அத்தியாயங்கள் உமக்கு, இன்னின்னவை எனக்கு என்று பாகம் பிரித்துக் கொடுத்துவிட்டுத் தம் அறைக்குள் போய்விட்டாராம். கதையில் மோட்டார் டிரைவர் ஒருவன் இறந்துபோகிறான். அவனைக் கொன்றது யார் என்பது படமெடுக்கிறவர்களுக்கு விளங்கவில்லை. மூல ஆசிரியரையே கேட்டு எழுதினார்கள். தமக்கும் தெரியாது என்றார் சாண்ட்லர்! அப்படியிருந்தும் படம் பிரமாதமாக ஓடிற்று.

இந்தப் படத்தைச் சேர்ந்த ஒரு சிறு சம்பவம் நம் மனத்தை விட்டு அகலவில்லை. 1944 டிசம்பரில் பாக்னர் ஊருக்குப் புறப்பட்டார். அன்றோடு சம்பளம் நின்றுவிட்டது. ஆனால் திரைக்கதையில் சில காட்சிகளைத் திருத்த வேண்டியிருந்தது. ஓடும் ரெயிலிலேயே உட்கார்ந்து திருத்தி, ஸ்டூடியோவுக்கு அனுப்பிவைத்தார். இவை சம்பளம் நின்ற பிறகு, ஊருக்குப் போகும் வழியில், மிக்க மரியாதையுடனும் சந்தோஷத்துடனும் எழுதப்பட்டவை என்ற கருத்தில் குறும்பாக ஒரு குறிப்பும் சேர்த்திருந்தார். சினிமா எழுத்தை அவர் தம் நாவல்களுக்குச் சமமாக மதித்ததில்லை. ஆனால் கூலிக்குச் செய்த வேலையையும் அரைகுறையாக விட்டுவிட அவருக்கு மனம் வரவில்லை. தபாலாபீஸைப் பாழாக்கிய வாலிபர் எங்கே, இந்த ரெயில் பிரயாணி எங்கே!

இதற்கெல்லாம் அவர் கொடுத்த விலையையும் சொல்லவேண்டும். 1929-லிருந்து 1942 வரையில் ஏறக்குறைய வருஷத்துக்கு ஒரு புத்தகம் எழுதியவர், அதன் பிறகு 1948 வரையில் புது நாவல் ஒன்றும் வெளியிடவில்லை. ஆறு வருஷம்! ஒரு கலைஞனுடைய வாழ்க்கையில் நாற்பத்தைந்துக்கும் ஐம்பதுக்கும் இடைப்பட்ட வருஷங்கள் எத்தகையவை என்று யோசித்துப் பாருங்கள். குடிப் பழக்கம் அவரை வாட்டியது. பிரான்ஸ் தேசத்து இலக்கிய மேதைகள் அவரைக் கொண்டாடிய அதே சமயத்தில், அமெரிக்கக் கடைகளில் அவருடைய புத்தகங்கள் அநேகமாகக் கிடைக்கவே இல்லை. 1945-ல் ஸ்டூடியோ முதலாளிக்குக் காகிதம் எழுதினார். சினிமா எழுத்தில் தாம் தோற்றுவிட்டதாகவும், இந்த வயதில் இனிமேல் காலத்தை விரயம் செய்யத் தம்மால் இயலாதென்றும், தம்மை விடுவித்துவிட வேண்டுமென்றும் கேட்டுக்கொண்டார். பணத்தைத் திரும்பச் சம்பாதிக்கலாம். காலத்தை எந்தப் பாங்கியிலிருந்து வாங்குவது?

நல்ல வேளையாக, 1946-ல் மால்கம் கௌலி என்னும் விமரிசகர், அந்த ஜமீனைப் பற்றிய எழுத்துக்களிலிருந்து தேர்ந்தெடுத்தவற்றைக் காலவரிசைப்படி தொகுத்து ஒரே புத்தகமாக வெளியிட்டார். சிதறிக் கிடந்த வயல்கள் ஒரே எஸ்டேட் என்பது அப்போதுதான் பலருக்கும் விளங்கிற்று. 1948-ல் 'இன்ட்ரூடர் இன் தி டஸ்ட்' வந்தது. வெள்ளையன் ஒருவனைக் கொன்றதாகப் பொய்யாகக் குற்றம் சாட்டப்பட்ட கறுப்பினக் கிழவர் ஒருவர், அவரை விசாரணையில்லாமல் அடித்துக் கொல்லத் துடிக்கும் கூட்டம், அவரைக் காப்பாற்றும் சிறுவர்கள், இதுதான் கதை. மெட்ரோ கம்பெனியார் 50,000 டாலர் கொடுத்து உரிமையை வாங்கி, 1949-ல் ஆக்ஸ்போர்டு ஊருக்கே வந்து படம் பிடித்தார்கள். ஊர் ஜனங்களே கூட்டமாக நடித்தார்கள். தங்கள் ஊரின் குற்றத்தைத் தாங்களே நடித்துக் காட்டினார்கள் என்று சொல்லலாம். ஆனால் நிறப் பிரிவினை அப்போதும் அப்படியேதான் இருந்தது. அந்தக் கிழவராக நடித்த ஜுவானோ ஹெர்னாண்டஸ், வெள்ளை நடிகர்களுடன் தங்க முடியவில்லை. முன்பு பாக்னர் ஹாலிவுட்டைத் தேடிப் போனார். இப்போது ஹாலிவுட் அவருடைய ஜமீனைத் தேடி வந்தது.

அதன் பிறகு நோபல் பரிசு. சுமார் 30,000 டாலர் கிடைத்தது. ஒரு பகுதியைக் கறுப்பின மாணவர்களின் படிப்புக்கும், ஒரு பகுதியைப் புது எழுத்தாளர்களின் உதவிக்கும் ஒதுக்கினார். தேவை தீர்ந்த பிறகும் சிநேகத்துக்காக ஹாக்ஸிடம் போனதுண்டு. எகிப்து தேசத்துப் பிரமிடுகளைப் பற்றி 1955-ல் வந்த படம் அவற்றில் ஒன்று. பழைய எகிப்து ராஜா எப்படிப் பேசுவார் என்று தெரியாமல் எழுத்தாளர்கள் திண்டாடினார்களாம். படமும் ஓடவில்லை. ஏழு வருஷம் கழித்து, 1962 ஜூலை 6-ந் தேதி, பாக்னர் மிஸிஸிப்பி மண்ணிலேயே காலமானார்.

ஆகவே, சினிமா அவரைக் கெடுத்ததா, வாழவைத்ததா? இரண்டும் உண்டு என்பதுதான் நமது அபிப்பிராயம். வயிற்றுக்காக எழுதுவது இழிவு என்று சொல்லுகிறவர்கள், பெரும்பாலும் வேறு வழியில் வயிறு நிரம்பியவர்களாகவே இருக்கிறார்கள். பாக்னர் தம் நேரத்தை விற்றார், அதற்கு வெட்கப்படவில்லை. ஜமீனை மட்டும் விற்கவில்லை. எழுத்தாசை கொண்ட பிள்ளையோ பெண்ணோ உள்ள வீட்டார் இதைக் கவனிக்க வேண்டும். எந்த உத்தியோகமானாலும் பார்க்கட்டும். ஆனால் பிறர் காலடி படாத அரைக் காணி நிலமாவது மனத்துக்குள் தனியே இருக்கட்டும். அதற்குப் பட்டா கொடுக்கிறவரும் அவர்களே. வரி கட்டுகிறவரும் அவர்களே.

ரோவன் ஓக் இப்போது மிஸிஸிப்பி சர்வகலாசாலையின் பராமரிப்பில் இருக்கிறது. பாக்னர் எழுதிய அறையின் சுவரில் கிழமைகளின் பெயர்களும், அவற்றின் கீழே குறிப்புகளும் அவர் கையெழுத்தில் காணப்படுகின்றன. 'எ பேபிள்' என்ற நாவலின் திட்டம் அது. அந்த நாவலின் கரு 1943-ல் ஹாலிவுட்டில் ஒரு படத்துக்கான யோசனையாகப் பிறந்தது. படம் வரவில்லை. கருவை ஊருக்குக் கொண்டுவந்து, ஏறக்குறைய பத்து வருஷம் பாடுபட்டு, 1954-ல் நாவலாக வெளியிட்டார். அவருடைய நூல்களில் மிகச் சிறந்தது அதுதான் என்று சொல்ல முடியாது. ஆனாலும் அந்தச் சுவரை நினைக்கும்போது நமக்கு ஒரு திருப்தி. சினிமாப் பணத்தில் காப்பாற்றிய வீட்டின் சுவரிலே, சினிமாவில் பிறந்த யோசனையை, யாருடைய உத்தரவும் இல்லாமல் அவர் எழுதிவைத்துவிட்டார்.

இனிமேல் சினிமாவுக்குப் போகும் நேயர்கள் ஐந்து நிமிஷம் முன்னதாகவே போய் ஆசனத்தில் அமர்ந்துவிடும்படி கேட்டுக்கொள்கிறோம். ஓடி மறையும் பெயர்களையும் ஒரு தடவை படியுங்கள். அவர்களில் யாருக்கு எங்கே ஜமீன் இருக்கிறதென்று யார் கண்டது?